சலிப்பு என்று மட்டும் சொல்லுங்கள்

1

இதை எழுத நினைத்து ஐந்து தவக்காலம் போய்விட்டது. ஒவ்வொரு சாம்பல் புதனும் நெற்றியில் சாம்பலோடு வீட்டுக்கு வந்து, இந்த வருஷம் எழுதிவிடுகிறேன் ஆண்டவரே என்று சொல்வேன். குருத்தோலை ஞாயிறு வருவதற்குள் தயக்கம் வந்துவிடும். மகளின் பெயர் இதில் வருகிறது. இன்னொரு வீட்டுப் பிள்ளையின் பெயரும் வருகிறது. நானோ எட்டாம் வகுப்பு வரை படித்தவள். எழுதினால் சரியாக வருமா, எழுதியதை ஊரில் வேறு மாதிரி வாசித்துவிடுவார்களா என்று பேனாவை மூடி வைத்துவிடுவேன்.

இந்த முறை ஒரு போன் வந்தது. அதனால் எழுதுகிறேன்.

என்னைத் தெரியாதவர்களுக்காக: நாங்கள் திருநெல்வேலிப் பக்கம். கல்யாணமான மறு வருஷம் ஹைதராபாத் வந்தோம். என் வீட்டுக்காரர் சனத்நகரில் ஒரு கம்பெனியில் லேத் ஓட்டினார். இப்போது ஓய்வில் இருக்கிறார். போவன்பள்ளியில் மார்க்கெட்டுக்குப் பின்பக்கம் வீடு. ஒரே மகள் ஸ்டெல்லா. அவள் பிறந்தது, படித்தது, வேலை பார்ப்பது எல்லாம் இங்கேதான். தமிழ் நன்றாகப் புரியும். பதில் மட்டும் தெலுங்கில் வரும், கோபம் வந்தால் இங்கிலீஷில் வரும்.

போன் செய்தது ஊரிலிருந்து ரோஸ்மேரி மைனி. எனக்குத் தூரத்துச் சொந்தம். நலம் விசாரித்த மூச்சிலேயே விஷயத்துக்கு வந்துவிட்டார்.

"உங்க பழைய மருமவன் சகாயராஜை என் தங்கச்சி மவளுக்குக் கேக்காவ. பையன் நல்லாத்தான் தெரியுதான். உங்க வாயால ஒரு வார்த்தை சொல்லுங்க மைனி. குடிப்பானா?"

"இல்ல மைனி."

"கை நீட்டுவானா?"

"அய்யோ, கிடையாது."

"பொம்பள சவகாசம்?"

"மைனி, கோயிலும் வீடும் ஆபீசும்தான் அந்தப் பிள்ளைக்கு."

மைனி குரலைத் தாழ்த்தினார். "அப்போ அந்தக் குறையா? சொல்லுங்க, நம்ம ரெண்டு பேருக்குள்ளதான்."

"ஒரு குறையும் இல்ல. ஸ்டெல்லாவுக்குச் சலிப்பு வந்துட்டு. அவ்வளவுதான்."

"சலிப்புக்கெல்லாமா பிரிவாவ? உங்க ஊருல அப்படியா? மழுப்பாதீங்க மைனி" என்று வைத்துவிட்டார்.

அந்த வாரமே அந்தப் பேச்சு வேறு ஒருவர் வழியாக எனக்குத் திரும்பி வந்தது. "பெத்தவளே வாய் திறக்க மாட்டேங்கா, அப்போ விஷயம் பெரிசு" என்று ஆகியிருந்தது. சம்பந்தம் நின்றுவிட்டது. இப்படி நிற்பது இது முதல் தடவை இல்லை என்றும் அப்போதுதான் தெரிந்துகொண்டேன். அந்தப் பிள்ளைக்கு முன்பும் இப்படியே தட்டிப்போயிருக்கிறது. ஒரு இடத்தில் குடி என்று சொல்லியிருக்கிறார்கள். இன்னொரு இடத்தில் சொன்னதை நான் எழுத மாட்டேன்.

ஒரு குற்றமும் செய்யாத பிள்ளை. எங்கள் வீட்டில் பெண்ணெடுத்ததால் அவனுக்கு இந்தப் பெயர்.

2

சகாயராஜை நாங்கள்தான் தேடிப் பிடித்தோம். நம் பக்கத்துப் பிள்ளை, இங்கே கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை. பங்குச் சாமியாரிடம் விசாரித்தோம், தங்கியிருந்த வீட்டுக்காரர்களிடம் விசாரித்தோம், உடன் வேலை பார்க்கும் பிள்ளைகளிடம் விசாரித்தோம். எல்லாரும் சொன்னது ஒன்றுதான்: அமைதியான பையன். ஸ்டெல்லாவும் பேசிப் பார்த்தாள். "ஓகே மம்மி, டீசண்ட்" என்றாள். பெற்றவர்களுக்கு வேறென்ன வேண்டும்?

கல்யாணத்துக்குப் பிறகு சைனிக்புரியில் மாடிப் போர்ஷன் எடுத்தார்கள். பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்கள் கட்டிய வீடுகள், பெரிய மரங்கள், மத்தியானத்தில் காக்கைச் சத்தத்தைத் தவிர ஒன்றும் கேட்காது. போவன்பள்ளியில் விடிவதற்கு முன்னாலேயே லாரி ஹாரனும் மூட்டை இறக்குகிற கூச்சலும் தொடங்கிவிடும். மகள் நிம்மதியான இடத்தில் இருக்கிறாள் என்று மாதாவுக்கு நன்றி சொன்னேன்.

ஒன்றரை வருஷம் இருக்கும். ஒரு சாயங்காலம் நாங்கள் செபமாலைக்கு மெழுகுவர்த்தி ஏற்றும்போது ஸ்டெல்லா பையோடு வந்து நின்றாள். ஒன்றும் சொல்லாமல் பாயில் உட்கார்ந்தாள். செபம் முடிகிற வரை நானும் கேட்கவில்லை. நடுவில் நிறுத்திக் கேட்டால் கேட்கக்கூடாததைக் கேட்டுவிடுவேனோ என்ற பயம்.

முடித்துச் சிலுவை வரைந்ததும் கேட்டேன். "என்னட்டி, சண்டையா?"

"லேது மம்மி." இல்லை என்றாள்.

"பிறகு?"

"விசுகு ஒஸ்துந்தி."

தெலுங்கில் அதுதான் சலிப்புக்குச் சொல்வது. எதிர்வீட்டு லக்ஷ்மம்மா கரண்ட் போனாலும் சொல்வாள், மருமகள் வந்தாலும் சொல்வாள். அதனால் நான் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

"சரி, ரெண்டு நாள் இருந்துட்டுப் போ. எல்லாருக்கும் வாரதுதான்."

"ரெண்டு நாள் இல்ல மம்மி." இதைத் தமிழில் சொன்னாள். அவள் தமிழில் பதில் சொன்னதும், மாலையை மடித்து வைத்துவிட்டு அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

பிறகு அவள் சொன்னவை இவைதான். நான் ஒன்றும் கூட்டவில்லை. முன்னறைச் சுவருக்கு மஞ்சள் அடித்தாளாம். நல்லாருக்கு என்றானாம். பிடிக்காமல் பச்சை அடித்தாளாம். நல்லாருக்கு என்றானாம். சோபாவை ஜன்னல் பக்கம் மாற்றிப் போட்டால், வந்தவன் பழைய இடத்தைப் பார்த்து ஒரு நொடி நின்றுவிட்டு, ஒன்றும் கேட்காமல் புது இடத்தில் போய் உட்கார்ந்தானாம். எங்கே போகலாம் என்று கேட்டால் உன் இஷ்டம். என்ன சினிமா, உன் இஷ்டம். பிள்ளை இப்போது வேண்டுமா, பிறகு பார்க்கலாமா என்று கேட்டதற்கும் உன் இஷ்டம். கடைசியில் ஒரு நாள் வேண்டுமென்றே குழம்பில் உப்பே போடாமல் வைத்திருக்கிறாள்.

"புல்லா சாப்பிட்டார் மம்மி. 'நல்லாருக்கு'ன்னார்."

என் வீட்டுக்காரர் ஈசி சேரில் இருந்தபடியே, "நல்ல பிள்ளையால்லா இருக்கான்" என்றார். அவர் கேலி பேசவில்லை, நிஜமாகவே அப்படி நினைத்துத்தான் சொன்னார்.

ஸ்டெல்லா அவரைப் பார்த்தாள். "ஆமா டாடி. நல்ல பிள்ளைதான். அதுக்குத்தான் யார்கிட்டயும் சொல்ல முடியல."

3

அந்த நாட்களில் இந்தச் சொல் என் தலைக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருந்தது. நம் ஊரில் எங்கள் வீடுகளில் அலுப்பு என்றுதான் அதிகம் சொல்வோம். அலுப்பு உடம்புக்கு வருவது. வெந்நீரில் குளித்துப் படுத்தால் விடியும்போது போய்விடும். சலிப்பு என்பதை எங்கள் வீட்டுப் பெண்கள் சொல்லி நான் கேட்டதில்லை. பெரியவர்கள்தான் சொல்வார்கள், காய்ச்சல் நாள்பட்டுப் போனால், அல்லது கோர்ட்டுக்கு அலைந்து அலைந்து. அது நாள்பட்ட காரியத்துக்கான சொல். புதுசாகக் கல்யாணமான பெண் எடுக்கிற சொல் இல்லை என்று நினைத்தேன்.

இங்கேயோ எல்லாரும் அதைத் தண்ணீராகச் செலவழிக்கிறார்கள். பிள்ளைகளுக்கு ஐந்து நிமிஷம் சும்மா இருந்தால் போர். மார்க்கெட்டில் நான் வழக்கமாகக் காய் வாங்குகிற பாய் ஒரு நாள் சிரித்துக்கொண்டே, "ரோஜ் வொஹீச் லேத்தே அம்மா, பேஜார் நை ஹோத்தே?" என்று கேட்டார். தினமும் அதேதான் வாங்குகிறாயே, சலிக்கவில்லையா என்று. கத்தரிக்காய், முருங்கைக்காய், வெண்டை. பக்கத்தில் குவித்திருந்த குடைமிளகாயைக் காட்டினார். "நக்கோ பாய்", வேண்டாம் என்று சொல்லி வந்துவிட்டேன். வழியெல்லாம் அவர் கேட்டதே காதில் நின்றது.

எனக்குச் சலிக்கவில்லையா? முப்பது வருஷமாக ஒரே தெரு, ஒரே அடுப்பு. சாயங்காலம் ஒரே செபமாலை. மங்கள வார்த்தை செபத்தை ஐம்பது முறை, ஒரு எழுத்து மாறாமல். உலகத்திலேயே ஒரே மாதிரியான வேலை அதுதானே? ஆனால் அதில் ஒரு நாளும் எனக்குச் சலித்ததில்லை. இதைப் பக்திக்காரி என்று பெயர் வாங்கச் சொல்லவில்லை. தூங்கி விழுந்திருக்கிறேன், பால் பொங்குகிற நினைப்பில் எண்ணிக்கையை விட்டிருக்கிறேன். சலித்ததில்லை.

ஏன் என்று பிறகுதான் புரிந்தது. எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. செபமாலையில் பத்து மணிகள் சேர்ந்தது ஒரு பத்துமணி, மொத்தம் ஐந்து; ஒவ்வொரு பத்துமணிக்கும் ஒருவர் தொடங்குவோம், மற்றவர்கள் பதில் சொல்வோம். தொடங்குகிறவர், இந்தப் பத்தை யாருக்காக, எதற்காக ஒப்புக்கொடுக்கிறோம் என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். அதைக் கருத்துச் சொல்வது என்போம். என் வீட்டுக்காரர் கம்பெனியில் ஆட்குறைப்பு வரப்போகிறது என்று எனக்குத் தெரிந்தது அவர் சொன்ன கருத்தில்தான். ஸ்டெல்லா கணக்கில் பெயிலானது அப்படித்தான் வெளியே வந்தது. "மேத்ஸ் மிஸ்ஸுக்காக, அவங்க கோபம் போகணும்னு" என்றாள், எட்டு வயதில். செபம் ஒரே செபம்தான், ஆனால் கருத்து தினம் வேறு. வேறெங்கும் பேசாததை அங்கே பேசிவிடுவோம்.

சைனிக்புரி வீட்டிலும் தவறாமல் செபமாலை நடந்தது. ஸ்டெல்லா அதைப் பற்றிச் சொன்னபோதுதான் எனக்கு மனசு கனத்தது. சகாயராஜ் போனில் போட்டுவிடுவானாம். அதில் ஒரு அம்மா நல்ல உச்சரிப்பில் தொடங்குவார், கருத்தும் அவரே சொல்வார்: உலக சமாதானத்துக்காக, குருக்களுக்காக, மழைக்காக. இவர்கள் இரண்டு பேரும் போனைப் பார்த்துப் பதில் சொல்வார்கள். முடிந்ததும் "சாப்பிடலாமா?"

4

எங்கள் பங்குக் கோயிலில் குடும்பங்களுக்கு ஆலோசனை சொல்ல ஒரு சிஸ்டர் இருந்தார்கள். தெலுங்குக்காரர், தங்கமான மனுஷி. ஸ்டெல்லாவைக் கூட்டிப் போனேன்.

"தாகுதாடா?" குடிப்பானா.

"லேது சிஸ்டர்."

"கொடுதாடா?" அடிப்பானா.

"லேது."

"மரி?" அப்போ?

"விசுகு, சிஸ்டர்."

சிஸ்டருக்குக் கொஞ்சம் சிரிப்பு வந்துவிட்டது, பாவம். "விசுகா? எனக்கும் வருதும்மா, மடத்துல தினம் உப்புமா" என்றார்கள். பிறகு ஸ்டெல்லாவின் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தி, என் பக்கம் திரும்பினார்கள். கோபமா, வெறுப்பா, உடம்புக்கு முடியாமல் வருகிற சோர்வா என்று கேட்டார்கள். நான் எனக்குத் தெரிந்த தெலுங்கில் சொன்னேன். கோபம் என்றால் பேசித் தீர்க்கலாம் சிஸ்டர். வெறுப்பு என்றால் அவன் முகத்தில் முழிக்கப் பிடிக்காது. இவளுக்கு அவன் வந்தாலும் ஒன்றுதான், வராவிட்டாலும் ஒன்றுதான்.

சிஸ்டர் ஸ்டெல்லாவின் கையைப் பிடித்துக்கொண்டார்கள். "அப்படின்னா அது சின்ன வார்த்தை இல்ல" என்றார்கள்.

அடுத்த ஞாயிறு சகாயராஜை வீட்டுக்கு வரச் சொன்னோம். கறி வாங்கிக் குழம்பு வைத்தேன். சாயங்காலம் செபமாலையில் நான்காவது பத்துமணியை அவனுக்குக் கொடுத்தேன். மனசுக்குள் ஒரு ஆசை. மாதாவின் முன்னால் ஒரு வார்த்தை, ஸ்டெல்லாவைப் பற்றி, அவன் வாயால் வந்துவிட்டால் போதும் என்று.

"கருத்துச் சொல்லுங்க மாப்ள" என்றார் என் வீட்டுக்காரர்.

சகாயராஜ் மாலையைப் பிடித்தபடி இருந்தான். மெழுகுவர்த்தியைப் பார்த்தான், எங்களைப் பார்த்தான். ஸ்டெல்லா குனிந்திருந்தாள். கடைசியில், "உலக சமாதானத்துக்காக" என்றான்.

ஸ்டெல்லா பதில் சொன்னாள். குரல் உடையவில்லை, ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அந்தப் பத்தோடு முடிந்துவிட்டது என்று எனக்குத் தெரியும்.

அவன் கிளம்பும்போது கேட் வரை போனேன். செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னான்.

"அத்தை, ஆபீஸ்ல இருந்து வர்ற வழி பூரா யோசிச்சுட்டு வருவேன், இன்னைக்கு இதைச் சொல்லணும், அதைக் கேக்கணும்னு. கதவைத் திறந்ததும் 'சாப்பிட்டியா'ன்னுதான் வருது. எங்க வீட்ல அப்பாவும் அவ்வளவுதான் பேசுவாங்க. அது போதும்னு நினைச்சேன்."

"உப்பில்லாக் குழம்பையாவது வேண்டாம்னு சொல்லியிருக்கலாம்லாய்யா?"

"கஷ்டப்பட்டு வச்சிருக்கா. எப்படிச் சொல்ல அத்தை?"

நான் அவன் தலையில் கை வைத்துச் சிலுவை வரைந்து அனுப்பினேன். அவனைக் குறை சொல்ல எனக்கு அப்போதும் ஒன்றும் அகப்படவில்லை. உள்ளே இருப்பவளையும் குறை சொல்ல முடியவில்லை.

5

அதற்குப் பிறகு நடந்தது அலைச்சல். கோர்ட் ஒரு பக்கம். ஆயர் இல்லத்தில் திருமண வழக்கு பார்க்கிற மன்றம் ஒரு பக்கம். ஞானஸ்நானச் சான்று ஊரிலிருந்து வர வேண்டும், அதில் ஸ்டெல்லாவின் அப்பா பெயருக்கு இனிஷியல் ஒன்று, ஆதாரில் ஒன்று. இங்கே கேட்டால் ஊரில் கேளுங்கள், ஊரில் கேட்டால் அங்கே எழுதி வாங்கி வாருங்கள். யாரையும் குற்றம் சொல்லவில்லை, அவரவர் வேலையை அவரவர் பார்த்தார்கள். எங்களுக்குத்தான் கால் ஓய்ந்துபோனது.

மன்றத்தில் கேட்டதும் சொன்னதும் ரகசியம். நான் வேதப் புத்தகத்தில் கை வைத்துச் சொல்லியிருக்கிறேன், எழுத மாட்டேன். இரண்டு பேரும் அவரவர்க்கு வேறு கல்யாணம் செய்துகொள்ளலாம் என்று தீர்ப்பு வந்தது. அவர்கள் எந்தச் சட்டத்தில் எதைப் பார்த்தார்கள் என்பது படித்தவர்கள் விஷயம். நாங்கள் வாய் திறக்காமல் இருந்த இடத்தில்தான் ஊர் தனக்குத் தெரிந்த கதைகளைப் போட்டு நிரப்பிக்கொண்டது. வெறும் சலிப்பு என்றால் ஊருக்கு ருசிக்கவில்லை போலிருக்கிறது.

சாட்சி சொல்லிவிட்டு நானும் இவரும் பஸ்ஸில் திரும்பினோம். பாட்னி பக்கம் டிராபிக்கில் பஸ் நின்றுவிட்டது. இவர் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டே கேட்டார்.

"ஏட்டி, உனக்கு நான் சலிச்சிருக்கேனா?"

"சலிக்காம?"

திரும்பிப் பார்த்தார். "எப்போ?"

"வந்த புதுசுல. நீங்க சிப்டுக்குப் போவிய, வருவிய, தூங்குவிய. ஊருக்கே போயிரலாம்னு பையெல்லாம் கட்டி வச்சேன் ஒரு நாளு."

"பிறவு ஏன் போகல?"

"எந்த பஸ்ஸு ஸ்டேஷன் போகும்னு தெரியாதுலா. போர்டெல்லாம் தெலுங்குல போட்டிருந்தான்."

பஸ்ஸில் இருந்தவர்கள் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சிரித்தார். நானும் சிரித்தேன். கொஞ்ச நேரம் கழித்து, "அப்பவே சொல்லியிருக்கலாம்லா" என்றார். குரலில் சிரிப்பு இல்லை.

"இப்போ சொல்லிட்டேன்லா."

சொல்லத் தெரியாமல்தான் நாங்கள் வாழ்ந்தோம் என்று நினைக்கிறேன். பிறகு பாஷை வந்தது, பிள்ளை வந்தது, செபமாலையில் கருத்துச் சொல்லச் சொல்ல ஒருவருக்கொருவர் பேச்சும் வந்தது. அந்தப் பிள்ளைகள் இரண்டு பேருக்கும் அந்தக் காலம் கிடைக்கவில்லையா, கிடைத்திருந்தாலும் நடந்திருக்காதா, எனக்குத் தெரியாது. ஸ்டெல்லாவுக்கு எல்லா போர்டும் வாசிக்கத் தெரியும். அவள் வந்துவிட்டாள்.

6

இப்போது ஸ்டெல்லா எங்களோடுதான் இருக்கிறாள். வேலைக்குப் போகிறாள், வருகிறாள். செபமாலைக்கு எல்லா நாளும் உட்கார மாட்டாள். சில நாள் போனோடு அறைக்குள் இருப்பாள், நான் கூப்பிடுவதில்லை. வந்தால் ஒரு பத்து அவளுக்கு.

ரோஸ்மேரி மைனியின் போனைப் பற்றி அவளிடம் சொன்னேன். சம்பந்தம் நின்றுபோனதையும் சொன்னேன். சாப்பிட்டுக்கொண்டிருந்தவள் கையை எடுத்துவிட்டாள். "நான் சொன்னது ஒரே ஒரு வர்ட் மம்மி. அதை ஏன் நம்ப மாட்டேங்கறாங்க?" என்றாள். எழுதட்டுமா, உன் பெயரும் வருமே என்று கேட்டேன். "ராசுக்கோ" என்றாள். எழுதிக்கொள் என்று அர்த்தம்.

அன்று செபமாலைக்கு வந்தாள். கடைசிப் பத்து அவளுடையது. கருத்தைத் தமிழிலேயே சொன்னாள், ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்து.

"சகாயராஜுக்காக. அவருக்கு ஒரு ஆள் கிடைக்கணும். அவர் பேசற வரைக்கும் வெயிட் பண்ற ஆள்."

என் வீட்டுக்காரர் பதிலைத் தொடங்க முடியாமல் இருமினார். நான்தான் தொடங்கினேன்.

ஊரில் இதை வாசிக்கிற அன்பானவர்களே, நான் ஒன்றே ஒன்று கேட்கிறேன். சகாயராஜைப் பற்றி யாராவது உங்களிடம் விசாரித்தால், அவன் குடித்ததில்லை, அடித்ததில்லை, யாரையும் ஏமாற்றியதில்லை, உடம்பில் ஒரு குறையும் இல்லை என்று பெண்ணைப் பெற்றவளே எழுதியிருக்கிறாள் என்று சொல்லுங்கள். அப்போது ஏன் பிரிந்தார்கள் என்று கேட்பார்கள். கட்டாயம் கேட்பார்கள். சலிப்பு என்று மட்டும் சொல்லுங்கள். சப்பென்று இருக்கிறதே என்று அதில் காரம் சேர்க்க வேண்டாம். எங்கள் மேல் பிரியப்பட்டு இனிப்பாக்கவும் வேண்டாம். கேட்கிறவர்கள் நம்பாமல் மறுபடி கேட்டால், மறுபடியும் அதையே சொல்லுங்கள். பத்துப் பேர் கேட்டாலும் பத்துப் பேரிடமும் ஒரே மாதிரி சொல்லுங்கள்.